எழுப்பு எடுக்காத சாவு

கொக்கந்தாங்கல் என்கிற ஊரில் தாண்டவராயனை முதன்முதலாகப் புதைத்த அன்றைக்கு, அவர் சென்னைப் பட்டணத்தில், பெரம்பூரில், தன் வீட்டில் சம்மணம் போட்டு உட்கார்ந்து நெத்திலிக் குழம்பு ஊற்றிச் சோறு தின்றுகொண்டிருந்தார். "இன்னும் ரெண்டு கரண்டி வைக்கட்டுமா?" என்று அவர் பெண்சாதி பச்சையம்மா கேட்டதற்கு, அந்த மனுஷர் வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, "வேணாம் பச்சை, ஏனோ வாய் நிறைய அரிசியைத் திணிச்சாப்பல இருக்குது" என்று சொல்லிக் கையை உதறிக்கொண்டு எழுந்துவிட்டார். நெத்திலிக் குழம்பை வேண்டாம் என்கிற ஆளா அவர்? பச்சையம்மா பயந்துபோனாள். உடம்புக்கு ஏதோ வரப்போகிறது என்று சுக்குக் கஷாயம் போட்டுக் கொடுத்தாள். பாவம், அவளுக்கு என்ன தெரியும்?

தாண்டவராயனுடைய தொழில் சாவதுதான். படங்களுக்கு இன்னும் வாய் முளைக்காத காலம் அது; வெள்ளைத் துணியில் ராஜாக்களும் ராணிகளும் சத்தமில்லாமல் உதட்டை அசைக்க, துணிக்குப் பக்கத்தில் ஒரு ஆள் நின்றுகொண்டு அவர்கள் பேச வேண்டியதையெல்லாம் தன் தொண்டையால் பேச, ஜனங்கள் மணலில் உட்கார்ந்து பார்த்துச் சிரித்தார்கள், அழுதார்கள். அந்தப் படங்களில் கதாநாயகனுக்கு வருகிற அம்பைத் தன் மார்பில் வாங்குகிறவர், இளவரசன் குடிக்க இருந்த விஷப்பாலைப் பிடுங்கித் தான் குடிக்கிறவர், ராஜகுமாரியைக் கரையேற்றிவிட்டு முதலையோடு போகிறவர் என்று, படத்துக்குப் படம் வேறு யாருக்கோ வந்த சாவைக் குறுக்கே விழுந்து வாங்கிக்கொண்டு மூன்றாவது சுருள் முடிவதற்குள் ஒழிந்துபோகிற ஆள் யாரென்றால், அது தாண்டவராயன். நோட்டீசில் குதிரையின் பேர்கூட வரும், இவர் பேர் வராது. கம்பெனியில் "அந்தச் சாகிறவரு எங்கே, கூப்பிடு" என்றுதான் தேடுவார்கள். ஆனால் ஒன்று சொல்லியாக வேண்டும், அவரைப்போலச் சாவதற்கு அந்தப் பட்டணத்தில் வேறு ஆள் இல்லை. 'ஐயோ' என்று கத்தினால் யாருக்கும் கேட்காத படத்தில் முதுகெலும்பால் ஐயோ சொல்லத் தெரிந்தவர். விழுந்த பிறகு மூக்கின்மேல் ஈ வந்து உட்கார்ந்து உலாத்தினாலும் இமை ஆடாது.

பச்சையம்மாவுக்கு இந்தப் பிழைப்பு பிடிக்கவே இல்லை. "புருஷன் வேலைக்குக் கிளம்பினா, ஜாக்கிரதையாப் போயிட்டு வாங்கன்னு சொல்லி அனுப்புவாங்க. நான் இன்னா சொல்லி அனுப்பறது? நல்லா சாவுங்கன்னா?" என்பாள். அவர் சிரிப்பார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் நடித்த ஒரு படத்தையும் அவள் பார்த்ததில்லை. தாலி கட்டினவர் சாவதைக் காசு கொடுத்துப் பார்க்க அவளுக்கென்ன பைத்தியமா?

கம்பெனிக்காரர்களுக்கும் அந்தப் பயம் உள்ளுக்குள் இருந்தது. அதனால் ஒரு வழக்கம் வைத்திருந்தார்கள்; அதற்கு 'எழுப்பு' என்று பேர். யாராவது செத்து விழுகிற காட்சி எடுத்தால், காமிராவின் கைப்பிடியைச் சுற்றுகிறவர் அதோடு நிறுத்தமாட்டார், இன்னும் கொஞ்சம் சுற்றுவார்; செத்தவர் எழுந்து, வாயில் அடக்கிவைத்த குங்குமத் தண்ணீரைத் துப்பிவிட்டு, காமிராவைப் பார்த்துப் பல் தெரியச் சிரிக்க வேண்டும். அப்புறம் அந்தத் துண்டை வெட்டி எடுத்து ஒரு தகர டப்பாவில் போட்டு, டப்பாவை சாமி படத்துக்குப் பின்னால் வைத்துவிடுவார்கள். செத்த காட்சி ஊர் ஊராகச் சுற்றும், எழுந்த காட்சி பத்திரமாகக் கம்பெனியில் இருக்கும்.

கடைசியாக எடுத்த ராஜா கதையில்தான் வினை வந்தது. அதில் தாண்டவராயன் ராஜாவின் மெய்க்காப்பாளன். வேட்டைக்குப் போன ராஜாவை நோக்கி வந்த அம்பை மார்பில் வாங்கிக்கொண்டு, மணலில் முழங்கால் ஊன்றி, ராஜாவின் செருப்பை ஒரு தடவை தொட்டுவிட்டு, அப்படியே சரிகிறார். டைரக்டர் ஏகாம்பரம், எதற்கும் கலங்காத கல்நெஞ்சுக்காரர், துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டாராம். சரியாக அந்த நேரம் பார்த்து வானத்தில் ஒரு மேகம் வந்து நின்றது. அந்தக் காலத்தில் வெயில்தான் விளக்கு; வெயில் போனால் வேலை போச்சு. காத்துக் காத்துப் பார்த்துவிட்டு, "எழுப்பை நாளைக்கு எடுத்துக்கலாம்" என்றார் ஏகாம்பரம். நாளைக்கு வேறு வேலை வந்தது, மறுநாளைக்கு வேறொன்று. தாண்டவராயனும் ஞாபகப்படுத்தவில்லை. ஏன் தெரியுமா? "இன்னாத்துக்கு பச்சை? எத்தனையோ சாவு செத்திருக்கேன், இது ஒண்ணுதான் என் மனசுக்கு நிறைவாச் செத்தேன். அதுக்கு அப்புறம் எழுந்து குரங்காட்டம் பல்லைக் காட்டணுமா?" என்று வீட்டில் சொன்னார். அவளுக்கு அது பிடிக்கவில்லை. போய் எடுத்துவிட்டு வாருங்கள் என்று நச்சரித்திருக்கலாம். விட்டுவிட்டாள்.

அந்தப் படம் ஊர்களுக்குப் போன பிறகு, அவர் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைய ஆரம்பித்தார். இளைத்தார் என்று சொல்லவில்லை. தோளும் மார்பும் அப்படியே இருந்தன, ஆனால் அவர் படுத்தால் கயிற்றுக் கட்டில் கிறீச்சிடுவது நின்றுபோனது, ஈரத் தரையில் நடந்தால் காலடி பதியவில்லை, ராத்திரி பச்சையம்மா கையை நீட்டித் தொட்டால் பானையைத் தொட்ட மாதிரி ஜில்லிட்டது. சாயங்காலம் ஆனால் பிடி சோறு இறங்காது. தெருவில் தெரிந்தவர்கள் அவர்மேல் மோதிக்கொண்டு, "அட, நீயா? ஆள் நிக்கறதே தெரியலையே" என்றார்கள். பச்சையம்மா மந்திரித்துப் பார்த்தாள், வேப்பிலை அடித்தாள், ஒன்றும் கேட்கவில்லை.

அப்புறம் கம்பெனியிலேயே தெரிந்துபோயிற்று. அடுத்த படத்தில் அவரைக் குத்திக் கொல்கிற காட்சியை எடுத்து, சுருளைக் கழுவிப் பார்த்தால், கத்தி வருகிறது, காற்றில் குத்துகிறது, மணலில் ஒரு பள்ளம் விழுகிறது, அந்தப் பள்ளத்தில் ஆள் இல்லை. ஏகாம்பரம் படச்சுருளை வெளிச்சத்தில் பிடித்து, மூக்கில் இடிக்கிற அளவுக்குக் கிட்டே வைத்துப் பார்த்துவிட்டு, "தாண்டவம், நீ படத்துல விழமாட்டேங்கறியேப்பா. நான் என்ன பண்ணட்டும்?" என்றார். ஒரு நடிகனிடம் சொல்லக்கூடிய வார்த்தையா அது? வீட்டுக்கு வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார்.

இப்படியிருக்கும்போதுதான் கொக்கந்தாங்கலிலிருந்து மாசிலாமணி வந்து சேர்ந்தார். அந்த ஊரில் படக் கொட்டகை போட்டிருப்பவரும் அவர்தான், துணிக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்பவரும் அவர்தான், வெண்கலத் தொண்டை. படத்தை இன்னும் கொஞ்ச காலம் வைத்துக்கொள்ளக் கேட்டுப் போக, தேங்காய் பழத்தோடு கம்பெனிக்கு வந்தவர், அங்கே வேலை கேட்டு மூலையில் நின்றிருந்த தாண்டவராயனைப் பார்த்தார். மிரளவில்லை, கத்தவில்லை. தட்டைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் கூப்பி, "வாங்க சாமி, நேத்து ராத்திரிதானே உங்களை நல்லபடியா அடக்கம் பண்ணோம், ஏதாவது குறை வச்சிட்டோமுங்களா?" என்று கேட்டார்.

அவர் சொன்னது இதுதான். கொக்கந்தாங்கலில் அந்தப் படம் ஓடிய முதல் நாள், மெய்க்காப்பாளன் அம்பு பட்டுச் சரிந்து, ராஜாவும் ராணியும் சேர்ந்து, ஜனங்கள் பாயைச் சுருட்டிக்கொண்டு எழுந்தால், துணிக்குக் கீழே மணலில் ஒரு பிணம் கிடந்தது. ஜரிகை உடுப்பு, இடுப்பில் வாள், மார்பில் அம்பு, மீசைகூட அதே மீசை. மணியக்காரர் வந்து பார்த்தார். போலீசுக்குச் சொன்னால் கொட்டகையை மூடிவிடுவார்கள் என்று மாசிலாமணி அவர் காலில் விழுந்தார். சரி, ராத்திரியோடு ராத்திரியாகப் புதைத்துவிடலாம் என்றால், எந்தச் சுடுகாட்டில் புதைப்பது என்று வந்தது பாருங்கள் சண்டை! வாள் வைத்திருப்பதால் எங்கள் ஜாதிதான் என்றார்கள் ஒரு தெருக்காரர்கள், மார்பில் பூணூல் கிடக்கிறதே, எரிக்க வேண்டும் என்றார்கள் இன்னொரு தெருக்காரர்கள், ரெண்டுமே வேஷம்தானே, எங்கள் பக்கம் கொண்டு வராதே என்றார்கள் மூன்றாம் தெருக்காரர்கள். விடிகிறவரைக்கும் கத்திவிட்டு, கடைசியில் யாருக்கும் சொந்தமில்லாத ஏரிக்கரைப் புறம்போக்கில் கொண்டுபோய்ப் புதைத்தார்கள். செத்தவன் யாராயிருந்தால் என்ன என்று கிழவிகள் வாய்க்கரிசி போட்டார்கள்.

மறுநாள் ஆட்டம் முடிந்தால் மறுபடியும் ஒரு பிணம். அதற்கு அடுத்த நாளும். முதலில் பயந்த ஊர் அப்புறம் அலுத்துக்கொண்டது, அலுத்துக்கொண்ட ஊர் அப்புறம் பழகிக்கொண்டது. காலையிலேயே ஆட்கள் போய் ஏரிக்கரையில் குழி வெட்டி வைத்துவிட்டு வயலுக்குப் போனார்கள். பறையடிப்பவர்களுக்கும் சங்கு ஊதுகிறவருக்கும் கொட்டகையிலேயே நிரந்தரமாக இடம் போட்டுக் கொடுத்தாயிற்று. தெருவுக்குத் தெரு பெண்கள் முறைவைத்துக்கொண்டு ஒப்பாரிக்கு வந்தார்கள்; போன முறை மேலத்தெருக்காரிகள் நன்றாக அழுதார்கள் என்று யாராவது சொல்லிவிட்டால், கீழத்தெருக்காரிகள் புதுப்பாட்டுக் கட்டிக்கொண்டு வந்து தொண்டை கிழிய அழுதார்கள். சுற்றுப்பட்டு ஊர்களிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள், பாதிப் பேர் படம் பார்க்க, பாதிப் பேர் எழவு பார்க்க.

"அதெல்லாம்கூடப் பெரிசில்லீங்க" என்று மாசிலாமணி குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார். "உங்களைப் பொதைக்க ஆரம்பிச்ச நாள்லேர்ந்து எங்க ஊர்ல வேற ஒரு சாவு விழலீங்க."

முதலில் யாரும் அதைக் கவனிக்கவில்லையாம். தெய்வானை என்கிற பெண்ணின் மகள் செல்லி, சின்னக் குழந்தை, கபம் கட்டிக் கண் செருகி, இனிமேல் ஒன்றுமில்லை என்று கட்டிலிலிருந்து கீழே இறக்கிப் போட்டிருந்த குழந்தை, முதல் அடக்கம் முடிந்து பறை நின்ற நிமிஷத்தில் எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்டது. பாம்பு கடித்தவன் கடிவாயைச் சொறிந்துகொண்டு வேலைக்குப் போனான். கிணற்றில் விழுந்தவளை மறுநாள் தூக்கினால், தலையைத் துவட்டிக்கொண்டு வீட்டுக்கு நடந்து போனாள். இழுத்துக்கொண்டு கிடந்த கிழங்களெல்லாம் அப்படியே இழுத்துக்கொண்டே கிடந்தன. எமன் சாயங்காலம் வருகிறான், வாசலிலேயே ஒரு ஆள் தயாராகக் கிடக்கிறான், எடுத்துக்கொண்டு போய்விடுகிறான், ஊருக்குள் வர வேலையில்லை என்று மணியக்காரர் விளக்கம் சொன்னார். நடுவில் ஒரு நாள் மழை பெய்து ஆட்டம் நின்றுபோனதாம்; அன்றைக்கு விடிவதற்குள் ஊரில் ஒரு வாலிபன், கல்லுக்குண்டாட்டம் இருந்தவன், போய்விட்டானாம். அதற்கப்புறம் மழையானாலும் இடியானாலும் ஆட்டம் நிற்கவில்லை.

தாண்டவராயன் வீட்டுக்கு வந்து இதைச் சொன்னபோது பச்சையம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "அப்போ தெனம் உங்களைக் கொஞ்சம் கொஞ்சமா எடுத்துப் பொதைக்கிறாங்க அந்தப் பாவிங்க!" மறுநாளே அவளே கம்பெனிக்குப் போய் ஏகாம்பரத்தின் முன்னால் நின்றாள். "எழுப்பு எடுக்காம விட்டது நீங்க. இப்ப எடுங்க" என்றாள். ஏகாம்பரத்துக்கும் மனசு உறுத்திக்கொண்டுதான் இருந்தது. கொளுத்துகிற வெயிலில், அதே உடுப்போடு, அதே இடத்தில் படுக்கவைத்து, எழச் சொல்லி எடுத்தார். தாண்டவராயன் எழுந்தார், துப்பினார், சிரித்தார். அப்படியொரு சிரிப்பை அவள் கல்யாணத்தன்றுகூடப் பார்த்ததில்லை. கழுவிப் பார்த்தால் வெறும் மணல்தான் இருந்தது. படத்தில் விழாத ஆளை எப்படி எழுப்புவது?

மிச்சமிருந்தது ஒரே வழி, கொக்கந்தாங்கலுக்குப் போய்ப் படத்தை நிறுத்துவது. புருஷனும் பெண்சாதியும் ரயிலேறிப் போனார்கள். ரயில் வேகமாகப் போனபோது அவர் ஜன்னலோரம் காற்றில் ஆடினார். பச்சையம்மா முந்தானையை அவர் இடுப்பில் சுற்றிப் பிடித்துக்கொண்டாள்.

ஊர் எல்லையிலேயே கூட்டம் நின்றது. யார் சொன்னார்களோ தெரியாது. ஆண்கள் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு விழுந்து கும்பிட்டார்கள். "தாண்டவராயசாமி வந்துட்டாரு" என்று வாய்க்கு வாய் அவர் பேர். பட்டணத்தில் ஒரு சுவரிலும் ஒட்டப்படாத பேர், இங்கே கைக்குழந்தை வாயில்கூட இருந்தது. அவர் எப்படிச் சரிந்தார், செருப்பை எந்தக் கையால் தொட்டார், கடைசியாகக் கண் எந்தப் பக்கம் போனது என்று ஒவ்வொருவனும் ஒன்றைச் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனான். பச்சையம்மா திரும்பிப் புருஷன் முகத்தைப் பார்த்தாள். கண்ணில் தண்ணீர் நின்றது. ஐயோ, இந்தப் பேருக்கு மனுஷர் மயங்குகிறாரே என்று அவர் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அவரிடம் அத்தனை பேரும் வந்தார்கள். அவளிடம் ஒருத்தியும் வரவில்லை. அவள் நெற்றிக் குங்குமத்தையும் தலைப் பூவையும் பார்த்துவிட்டு, ஏதோ முறை தவறியதைப் பார்த்தமாதிரி பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

ஏரிக்கரையைக் கொண்டுபோய்க் காட்டினார்கள். கண்ணுக்கு எட்டின வரைக்கும் மண்மேடு, மேட்டுக்கு மேடு ஒரு துளசிச் செடி, எல்லாவற்றிலும் அவரே. கடைசியில் அன்றைக்குக் காலையில் வெட்டின குழி வாயைத் திறந்துகொண்டிருந்தது. தாண்டவராயன் குனிந்து ஒரு மேட்டைத் தடவிப் பார்த்தார். "சூடாயிருக்குது பச்சை" என்றார். அவர் உடம்பிலிருந்து போன சூடெல்லாம் அங்கே இருந்தது.

மணியக்காரர் வீட்டில் இலை போட்டு விருந்து வைத்தார்கள். தாண்டவராயன் கையை நனைக்காமல், "ஐயா, படத்தை நிறுத்திடுங்க. எனக்கு வேற தொழில் தெரியாது. இப்படியே போனா நான் இல்லாமப் போயிடுவேன்" என்றார். யாரும் கோபித்துக்கொள்ளவில்லை. மணியக்காரர் தலையை ஆட்டினார். "நியாயந்தானுங்களே. உங்க உசிரு உங்களுக்கு. இன்னைக்கு ஒரே ஆட்டம், அதோட பொட்டியைக் கட்டி உங்க கையிலயே கொடுத்துடறோம்."

எழுந்து கை கழுவப் போன பச்சையம்மாவின் புடவையைப் பின்னாலிருந்து யாரோ பிடித்து இழுத்தார்கள். தெய்வானை. எலும்பும் தோலுமாக ஒரு பெண், இடுப்பில் செல்லி. குழந்தை பச்சையம்மாவின் கழுத்துத் தாலியை எட்டிப் பிடித்து விளையாட ஆரம்பித்தது.

"அக்கா, உங்க புருஷனுக்குத் தெனம் தலைமாட்டுல உக்காந்து அழுவறவ நான்தான். எங்கப்பனுக்குக்கூட அப்படி அழுதது கெடையாது. படம் நின்னா முதல்ல போறது இவதான். நீங்களே ஒரு வழி சொல்லிட்டுப் போங்கக்கா."

"நான் இன்னா வழி சொல்றது? எம்புருஷனை இங்க விட்டுட்டுப் போவவா?" என்று பச்சையம்மா கையை உதறினாள். உதறிய பிறகும் அந்தக் குழந்தையின் விரல் சூடு கழுத்திலேயே இருந்தது.

பொழுது சாய்ந்ததும் கொட்டகை நிரம்பியது. இருவரையும் நடுவில் ஜமுக்காளம் விரித்து உட்காரவைத்தார்கள். பச்சையம்மா முதல் தடவையாகப் புருஷனைத் துணியில் பார்த்தாள். அடேயப்பா, என்ன கனம், என்ன மிடுக்கு! அவர் காலை எடுத்து வைத்தால் மண் அதிர்கிறது. பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரோ காற்றடித்தால் பறந்துவிடுவார் போலிருந்தார். மாசிலாமணி மெய்க்காப்பாளனுக்குக் குரல் கொடுத்தார், ராஜாவுக்குக் கொடுத்தார், குதிரைக்கும் அவரே கனைத்தார். ராஜா வேட்டைக்குப் போனார். வில் வளைந்தது. அம்பு புறப்பட்டது. தினமும் ஓடி ஓடித் தேய்ந்திருந்த சுருள் அந்த இடத்தில் விளக்குக்கு முன்னால் சிக்கி நின்றது. மெய்க்காப்பாளன் மார்பில் ஒரு பழுப்புப் புள்ளி விழுந்து, ஓட்டையாகி, ஓட்டை விரிந்து விரிந்து ஆளையே தின்றுவிட்டது. படம் பற்றிக்கொண்டுவிட்டது! மணலை வாரிக்கொட்டி அணைத்தார்கள். சுருள் முழுவதும் கரியாகிப் போச்சு. விளக்கு மட்டும் எரிந்தது, துணி வெள்ளையாக நின்றது, கீழே மணல் காலியாகக் கிடந்தது.

ஒருவரும் எழுந்திருக்கவில்லை. முன்வரிசையில் செல்லி இருமினாள். இன்னொரு தடவை இருமினாள். அப்புறம் அவள் நெஞ்சுக்குள் கபம் கொரகொரவென்று இழுக்கிற சத்தம் கொட்டகை முழுக்கக் கேட்டது. பின்னால் பாம்பு கடித்திருந்தவன் காலைப் பிடித்துக்கொண்டு முனகினான். ஜனங்கள் திரும்பித் தாண்டவராயனைப் பார்த்தார்கள். மிரட்டவில்லை, கேட்கவில்லை, கோயிலில் கதவு திறக்கக் காத்திருப்பவர்கள் மாதிரி சும்மா பார்த்தார்கள். அந்த நேரத்தில் மாசிலாமணி வெறும் வெள்ளைத் துணியைக் காட்டித் தன் வெண்கலத் தொண்டையைத் திறந்தார்: "மகாஜனங்களே, அதோ அம்பு வருகிறது! ராஜாவைக் குறிவைத்து வருகிறது! எங்கே மெய்க்காப்பாளன்? எங்கே எங்கள் தாண்டவராயன்?"

காலமெல்லாம் "சாகிறவரைக் கூப்பிடு" என்று கேட்டே பழகின மனுஷர். தன் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால் எப்படி உட்கார்ந்திருப்பார்? எழுந்தார். பச்சையம்மா வேட்டியைப் பிடித்து இழுத்தாள். "வேணாங்க, சொல்றதைக் கேளுங்க. எழுப்பு எடுக்க இங்க யாரு இருக்காங்க?"

"ஒரே தடவை பச்சை. அந்தக் கொழந்தை மூச்சு திரும்பட்டும். படுத்துட்டு வந்துடறேன், நீ வண்டிக்குச் சொல்லி வை" என்றார். அவள் கையிலிருந்து வேட்டி நழுவிப் போயிற்று.

துணிக்கு முன்னால் போய் நின்றார். இல்லாத ராஜாவைத் தன் பின்னால் தள்ளிவிட்டு, இல்லாத அம்பை மார்பில் வாங்கினார். முழங்கால் ஊன்றினார், கையை நீட்டி எதையோ தொட்டார், சரிந்தார். அப்படி ஒரு சாவை எந்தக் காமிராவும் பிடித்ததில்லை. மணலில் பொதேரென்று சத்தம் கேட்டது. போன கனமெல்லாம் அந்த ஒரு நிமிஷத்துக்குத் திரும்பி வந்திருந்தது. கொட்டகை எழுந்து நின்று கைதட்டியது, விசிலடித்தது, பேரைச் சொல்லிக் கதறியது. செல்லியின் இழுப்பு நின்றது.

"போதும்! எழுந்திரிங்க!" என்று பச்சையம்மா கத்திக்கொண்டே ஓடினாள். அவள் குரலுக்கு அவர் கண்ணைத் திறந்தார். திறந்ததும் செல்லி முதுகை வில்லாக வளைத்து மூச்சுக்குத் திணறினாள். அவர் தலையைத் திருப்பி அந்தக் குழந்தையைப் பார்த்தார், பெண்சாதியைப் பார்த்தார். அந்தப் பார்வையில் மன்னிப்பு கேட்கிற மாதிரி ஏதோ இருந்தது. பிறகு கண்ணை மூடிக்கொண்டார். அவள் போய்த் தொட்டபோது மார்பில் அம்பில்லாமல் ஒரு காயம் இருந்தது, ரத்தம் வெதுவெதுப்பாக அவள் விரலில் ஒட்டியது.

காலையில் வெட்டின குழியில் அவரை வைத்தார்கள். பெண்கள் அன்போடு பச்சையம்மாவைக் கைத்தாங்கலாக ஏரிக்கு அழைத்துப் போனார்கள். இப்போதுதான் முறை சரியாயிற்று என்பதுபோல அவர்கள் முகமெல்லாம் கனிந்திருந்தது. பூவை எடுத்தார்கள், தாலியை வாங்கினார்கள், தலையில் தண்ணீர் ஊற்றினார்கள். அவளுக்கு அழுகை வரவில்லை. அவருக்காக அழ வேண்டிய பாட்டையெல்லாம் அந்த ஊர் ஏற்கெனவே அழுது தீர்த்திருந்தது. மறுநாள் பூரா பச்சையம்மா தெய்வானையின் வீட்டில் சுருண்டு கிடந்தாள். செல்லி மட்டும் வந்து வந்து, ஒரு கொட்டாங்குச்சியில் தண்ணீர் கொண்டுவந்து அவள் வாயில் வைத்துவிட்டுப் போனாள்.

சாயங்காலம் ஆயிற்று. பழக்கம் பாருங்கள், கொட்டகை நிரம்பியது. படம் இல்லை என்று எல்லோருக்கும் தெரியும், ஆனாலும் பாயைக் கொண்டுவந்து விரித்தார்கள். தெய்வானை பச்சையம்மாவையும் கூட்டிவந்து பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டாள். விளக்கு எரிந்தது, மாசிலாமணி கதையைச் சொல்லிக்கொண்டே வந்து, அம்பு புறப்பட்ட இடத்தில் நின்றார். மணல் காலியாக இருந்தது. தாண்டவராயன் வரவில்லை, காமிரா பிடித்த சாவு தினமும் வரும், மனுஷனுக்கு ஒரு சாவுதானே. செல்லி இருமினாள்.

யாரும் யாரையும் பார்க்கவில்லை. இத்தனை நாளும் போகாமல் மிஞ்சியிருந்த கிழவர் ஒருவர், "எனக்குப் பேத்தி கல்யாணம் இருக்குதேப்பா" என்று யாரும் கேட்காமலே சொன்னார். பாம்பு கடித்தவன் தன் பிள்ளைகளை இழுத்து மடியில் போட்டுக்கொண்டான். இருமல் இழுப்பாயிற்று. தெய்வானை கொஞ்ச நேரம் வெள்ளைத் துணியையே பார்த்தாள். அப்புறம், தண்ணீருக்குப் போகிறவள் மாதிரி, குழந்தையைத் தூக்கிப் பச்சையம்மாவின் மடியில் வைத்து, "கொஞ்சம் பிடிச்சுக்கங்கக்கா, ராவுல போர்த்திவிடணும் இவளுக்கு" என்று சொல்லிவிட்டு, நேராக நடந்து போய் மணலில் படுத்தாள். அவளுக்கு நடிக்கத் தெரியாது. வெறுமனே படுத்தாள், எழுந்திருக்கவில்லை.

செல்லியின் மூச்சு சீராயிற்று. பச்சையம்மாவின் கழுத்தில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, உடம்பெல்லாம் சூடாக, வியர்த்து, கனமாகத் தூங்கிப் போனாள். முன்வரிசையில் யாரோ ஒருத்தி மெல்ல ஒப்பாரியைத் தொடங்கினாள், மற்றவர்கள் சேர்ந்துகொண்டார்கள். இன்றைக்கு ஆயிற்று, நாளைக்கும் பொழுது சாயும், அப்போதும் ஒரு ஆள் வேண்டும் என்று பச்சையம்மாவுக்குத் தோன்றியது. அவள் குழந்தையை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டாள், தலையை நிமிர்த்தினாள், பாயில் உட்கார்ந்திருந்த முகங்களை ஒவ்வொன்றாகப் பார்க்க ஆரம்பித்தாள்.